தேர்க்காலில் மடிந்த கன்றும் நட்டஈட்டுக் கணக்கும்

திருவாரூர்த் தெருவிலே அரசிளங்குமரன் ஊர்ந்து சென்ற தேரின் காலில் பசுங்கன்று ஒன்று அகப்பட்டு மடிந்த கதையை அறியாதார் நம்மில் எவரும் இரார். தாய்ப்பசு ஆராய்ச்சி மணியை அசைத்ததும், மன்னன் தன் ஒரே மைந்தனைத் தேர்க்காலில் கிடத்தியதும் பள்ளிப் பருவத்திலேயே நாம் கேட்டவை. அம்மன்னனுக்குச் சென்னை உயர்நீதிமன்ற வளாகத்தில் சிலையும் உண்டு. தமிழர் தம் நீதிக்கு எடுத்துக்காட்டாகப் போற்றும் இக்கதை, உண்மையில் ஒரு சாலை விபத்து வழக்கே என்பதை நாம் எண்ணிப் பார்ப்பதில்லை.

அந்த வழக்கில், கன்று உயிரோடு இருந்திருந்தால் எவ்வளவு சம்பாதித்திருக்கும் என்று எவரும் கேட்கவில்லை. இன்றைய நீதிமன்றம் கேட்கும் முதற்கேள்வி அதுதான். இறந்தவர் மாதம் என்ன வருமானம் ஈட்டினார்? ஆதாரம் உண்டா? அவரை நம்பியிருந்தோர் எத்தனை பேர்? இக்கேள்விகளே தவறு என்பது என் கருத்தன்று. ஓட்டுநரைத் தண்டிக்க வேறு சட்டம் உண்டு; அவரைச் சிறைக்கு அனுப்புவதால் இறந்தவர் வீட்டு உலையில் அரிசி வேகாது. உலைக்கு வழி செய்வதே நட்டஈட்டின் நோக்கம். ஆயினும் அந்தக் கணக்கு எங்கே நேராக நிற்கிறது, எங்கே ஏழைக்கு எதிராகச் சாய்ந்து நிற்கிறது என்பதைக் கற்றவர்களாகிய நாம் அறிந்திருத்தல் வேண்டும். ஏனெனில் இது நம் வீடுகளைத் தேடி வருகின்ற கணக்கு. 2022ஆம் ஆண்டில் மட்டும் இந்தியச் சாலைகளில் மாண்டோர் 1,68,491 பேர்; அவர்களுள் தமிழகத்துச் சாலைகளில் மாண்டோர் 17,884 பேர். இறந்தோரில் மூவரில் இருவர் 18 முதல் 45 வயதுக்கு உட்பட்டவர்கள். அதாவது ஒரு குடும்பத்தைத் தூக்கி நிறுத்தும் வயதினர், அல்லது நம்மைப் போல் தூக்கி நிறுத்தப் போகும் வயதினர்.

மாந்தர் உயிரிழப்புக்கு நட்டஈடு கேட்கும் உரிமையே நெடுங்காலம் இல்லாதிருந்தது என்றால் இன்று வியப்பாக இருக்கும். நம் சட்டத்துக்கு மூலமான ஆங்கிலச் சட்டத்தில் 1808ஆம் ஆண்டு ஒரு வழக்கு. கணவனும் மனைவியும் பயணம் செய்த குதிரை வண்டி கவிழ்ந்தது. கணவனுக்குச் சிராய்ப்பு, மனைவி ஏறத்தாழ ஒரு மாதம் கிடந்து இறந்தாள். அவன் ஒரு மதுக்கடை நடத்தி வந்தான். கடையை நடத்துவதில் அவள் அவனுக்குப் பெருந்துணை. நீதிபதி எல்லன்பரோ பிரபு சொன்ன தீர்ப்பு யாதெனில், உரிமையியல் நீதிமன்றத்தில் ஒரு மனிதனின் சாவை ஓர் இழப்பு என்று முறையிட இயலாது. மனைவி உயிரோடு கிடந்த நாட்களுக்கு மட்டுமே கேட்கலாம் என்பதாகும். காயப்படுத்தினால் காசு கொடுக்க வேண்டும், கொன்றுவிட்டால் வேண்டாம் என்ற விந்தையான நிலை அது. இரயில் வண்டி வந்து, விபத்துகள் பெருகிய பின்னரே 1846இல் இங்கிலாந்து இதை மாற்றியது. அதனைப் பின்பற்றி 1855இல் இந்தியாவுக்கும் ஒரு சட்டம் வந்தது. பின்னர் 1939ஆம் ஆண்டின் மோட்டார் வாகனச் சட்டம், அதில் 1956இல் சேர்க்கப்பட்ட நட்டஈட்டுத் தீர்ப்பாயங்கள், இன்று நடைமுறையில் உள்ள 1988ஆம் ஆண்டுச் சட்டம் என்று வரலாறு நீள்கிறது.

கணக்குப் போடும் முறையும் கடல் கடந்து வந்ததே. 1942இல் ஒரு நிலக்கரிச் சுரங்க விபத்து வழக்கில் பிரபுக்கள் சபை வகுத்த வழி இது: இறந்தவர் ஆண்டுதோறும் குடும்பத்துக்குக் கொடுத்து வந்தது எவ்வளவு என்று காண், அதை ஒரு பெருக்கெண்ணால் பெருக்கு. இந்நெறிகளை நம் உச்சநீதிமன்றம் ஆராய்ந்த தொடக்கக்கால வழக்குகளுள் ஒன்று நம் மண்ணில் நிகழ்ந்தது என்பது பலருக்குத் தெரியாது. தாராபுரத்துக்கும் பழனிக்கும் இடையே 1947இல் ஓடிய ஒரு தனியார் பேருந்து விபத்துக்குள்ளாகி, அதில் பயணம் செய்த ஒருவர் இறந்தார். நாடு விடுதலை பெற்ற அடுத்த மாதம் நிகழ்ந்த அவ்விபத்துக்கு இறுதித் தீர்ப்பு 1961இல் கிடைத்தது. பதினான்கு ஆண்டுகள்! அன்று கைக்குழந்தையாக இருந்த பிள்ளை தீர்ப்பு வரும்போது உயர்நிலைப் பள்ளியில் இருந்திருக்கும்.

பெருக்கெண் என்றால் என்ன என்று இங்குச் சற்று விளக்குதல் நலம். முப்பது வயதில் ஒருவர் இறந்தால், அவர் இன்னும் முப்பது ஆண்டு உழைத்திருப்பார் என்று முப்பதால் பெருக்குவதில்லை. மொத்தத் தொகையும் ஒரே நேரத்தில் கைக்கு வருகிறது. வங்கியில் இட்டால் வட்டி தரும். மேலும் வாழ்க்கை நிச்சயமற்றது. இவற்றைக் கழித்துக் கொண்டு, ஆண்டுகளைவிடக் குறைந்த ஓர் எண்ணை எடுத்துக்கொள்கிறார்கள். எந்த எண் என்பதிலேதான் குழப்பம் நிலவியது. ஒரு தீர்ப்பாயம் பத்தால் பெருக்கும், மற்றொன்று இருபத்து நான்கால் பெருக்கும் என்ற நிலை. 1993இல் நீதிபதி வெங்கடாசலய்யா அவர்களும், 1996இல் நீதிபதி அகமதி அவர்களும் இந்தத் தாறுமாறைக் கண்டித்தனர். பதினெட்டுக்கு மேல் போகக்கூடாது என்று 1996இல் வரம்பு கட்டப்பட்டது. 2009ஆம் ஆண்டு ஏப்ரலில் நீதிபதி ஆர். வி. ரவீந்திரன் அவர்கள் எழுதிய தீர்ப்பே இதற்கு ஒரு வாய்ப்பாடு தந்தது. 15 முதல் 25 வயது வரை இறந்தவருக்குப் பெருக்கெண் 18, 26-30க்கு 17, 31-35க்கு 16, இப்படி ஐந்தாண்டுக்கு ஒன்றாகக் குறைந்து 46-50க்கு 13, அதன்பின் இரண்டிரண்டாகக் குறைந்து 66-70க்கு 5. இறந்தவர் தமக்கெனச் செலவிட்டிருப்பார் என்று கழிக்க வேண்டிய பங்குக்கும் அத்தீர்ப்பு அளவு சொன்னது: நம்பியிருந்தோர் இருவர் அல்லது மூவர் எனில் மூன்றில் ஒன்று, நால்வர் முதல் அறுவர் எனில் நான்கில் ஒன்று, அதற்கு மேல் ஐந்தில் ஒன்று, மணமாகாதவர் எனில் பொதுவாகப் பாதி. 2017 அக்டோபரில் ஐந்து நீதிபதிகள் கொண்ட அமர்வு இவற்றை உறுதி செய்து, வருமானம் பிற்காலத்தில் உயர்ந்திருக்கும் என்பதற்காகச் சேர்க்க வேண்டிய விழுக்காட்டையும் வரையறுத்தது. நாற்பது வயதுக்குட்பட்ட நிரந்தரப் பணியாளருக்கு 50 விழுக்காடு. சொந்தத் தொழில் செய்வோர்க்கும் நிலையான சம்பளக்காரர்க்கும் 40 விழுக்காடு.

ஒரு கணக்கைப் போட்டுப் பார்ப்போம். 32 வயதுக் கொத்தனார் ஒருவர் லாரி மோதி இறக்கிறார். வீட்டில் மனைவி, இரு குழந்தைகள், தாய் என்று நால்வர். தீர்ப்பாயம் அவர் மாத வருமானம் 12,000 ரூபாய் என்று வைத்துக்கொள்கிறது. நாற்பது விழுக்காடு சேர்த்தால் 16,800. நான்கில் ஒன்றைக் கழித்தால் 12,600. ஆண்டுக்கு 1,51,200. பதினாறால் பெருக்க, 24,19,200 ரூபாய். இதனோடு துணையை இழந்தமைக்காகவும், தந்தையை, மகனை இழந்தமைக்காகவும் ஆளுக்கு 40,000. ஈமச் செலவுக்கு 15,000. உடைமை இழப்புக்கு 15,000. 2017இல் நிர்ணயித்த இத்தொகைகள் மூன்றாண்டுக்கு ஒருமுறை பத்து விழுக்காடு உயர வேண்டும் என்பது விதி. அடிப்படைத் தொகையையே கொண்டால் இவை 1,90,000. ஆக மொத்தம் 26,09,200 ரூபாய்.

இவ்வாய்ப்பாடு ஒரு நல்ல காரியம் என்பதை மறுப்பதற்கில்லை. தருமபுரியில் இறந்தவர்க்கும் டெல்லியில் இறந்தவர்க்கும் பெருக்கெண் ஒன்றே. நீதிபதியின் இரக்கத்தையோ வழக்கறிஞரின் நாவன்மையையோ நம்பி விதவை ஒருத்தி நிற்க வேண்டிய நிலையை அது பெருமளவு போக்கியது. வீட்டிலிருந்தே தாள் ஒன்றில் கணக்கிட்டு, காப்பீட்டுக் கம்பெனி சமரசம் பேச வரும்போது "இது குறைவு" என்று சொல்லும் துணிவை அது தருகிறது.

ஆனால் வாய்ப்பாட்டில் எத்துணை ஒழுங்கு இருந்தாலும், அதற்குள் நாம் முதலில் இடும் எண் பழுதானால் விடையும் பழுதே. அந்த முதல் எண் மாத வருமானம். அரசு ஊழியருக்குச் சம்பளப் பட்டியல் உண்டு. வருமான வரி கட்டுவோர்க்குக் கணக்கு உண்டு. சித்தாளுக்கு என்ன உண்டு? சனிக்கிழமை மாலை மேஸ்திரி எண்ணிக் கொடுக்கும் நோட்டுகளுக்கு எந்தப் பதிவேட்டில் கணக்கு இருக்கிறது? மூன்று ஊர்ச் சந்தைகளில் கருவாடு விற்கும் அம்மாவின் வருமானத்துக்குச் சான்று வழங்கும் அலுவலர் யார்? 2008இல் விபத்தில் கால் இழந்த ஒரு காய்கறி வியாபாரியிடம் வருமானச் சான்று கேட்டது சரியன்று என்று உச்சநீதிமன்றம் 2014இல் கூறி, அவர் மாதம் 6,500 ரூபாய் ஈட்டியிருப்பார் என்று ஏற்றது. கனரக வாகன உரிமம் பெற்ற லாரி ஓட்டுநர் ஒருவர் இறந்த வழக்கில், ஆதாரம் இல்லையென்று கீழ் மன்றம் குறைந்தபட்சக் கூலியாகிய 5,746 ரூபாயோடு நின்றது. 2021இல் உச்சநீதிமன்றம் அதை 8,000 ஆக்கி, சான்று இல்லாதபோது குறைந்தபட்சக் கூலியை மட்டுமே அளவுகோலாகக் கொள்ளலாகாது என்றது. நல்ல தீர்ப்புகளே. ஆனால் டெல்லி வரை போகும் வலிமை எத்தனை குடும்பத்துக்கு இருக்கிறது? போகாதவர்கள் கீழே கொடுத்ததை வாங்கிக்கொண்டு போனவர்கள்தாமே?

இன்னொன்றையும் கவனியுங்கள். நம் கொத்தனாரின் வயதும் குடும்பமும் உடைய நிரந்தரப் பணியாளர் ஒருவர், வரி போக மாதம் 48,000 பெறுகிறார் என்று கொள்வோம். கொத்தனாரைப் போல் நான்கு மடங்கு. ஐம்பது விழுக்காடு சேர்த்து, நான்கில் ஒன்று கழித்து, பதினாறால் பெருக்கினால் 1,03,68,000 ரூபாய். இது கொத்தனாரின் 24,19,200க்கு நான்கு மடங்கன்று, அதற்கும் மேல். உயிரோடு இருந்தபோது நான்காக இருந்த ஏற்றத்தாழ்வு இறந்தபின் நாலே கால் மடங்கைத் தாண்டி விடுகிறது. நிரந்தர வேலை இல்லாதவன் என்பதற்காக வாழ்நாளெல்லாம் தாழ்வுற்றவனுக்கு, இறந்த பின்னும் ஒரு பத்து விழுக்காட்டுப் பிடித்தம்! கொத்தனாரின் கூலி ஆண்டுதோறும் உயரவில்லையா? பத்தாண்டுக்கு முன் கொடுத்த கூலிக்கு இன்று எவரேனும் கரண்டியைக் கையில் எடுப்பாரா?

இனி, கூலியே பெறாதவர்களைப் பார்ப்போம்.

1994இல் மோட்டார் வாகனச் சட்டத்தில் ஓர் அட்டவணை சேர்க்கப்பட்டது. அதில் வருமானமற்றவர் எனில் ஆண்டுக்கு 15,000 ரூபாய் என்று கற்பித்துக்கொள்ளலாம் என்றும், இல்லத்தரசி எனில் சம்பாதிக்கும் கணவன் வருமானத்தில் மூன்றில் ஒரு பங்கு என்றும் இருந்தது. சற்றே நின்று சிந்தித்தால் இதன் பொருள் விளங்கும். மாதம் ஒரு இலட்சம் வாங்கும் அதிகாரியின் மனைவி வைக்கும் குழம்புக்கு ஒரு விலை. மாதம் ஒன்பதாயிரம் வாங்கும் காவலாளியின் மனைவி வைக்கும் குழம்புக்கு வேறு விலை. பின்னவள் தண்ணீர்க் குழாயடியில் நின்று, விறகோ மாடோ பார்த்து, மாமியாரைக் குளிப்பாட்டிவிட்டு வந்து வைத்த குழம்பு அது என்றாலும் விலை குறைவுதான். மேலே கண்ட 1808ஆம் ஆண்டு மதுக்கடைக்காரனின் மனைவி நினைவுக்கு வருகிறாள் அல்லவா? அவள் உழைப்பின் பயனை நீதிமன்றம் அறிந்தே இருந்தது. மதிக்கச் சட்டத்தில் இடமில்லை.

இந்த நிலையை மாற்ற நம் நீதிபதிகள் சிலர் பாடுபட்டனர் என்பதை நன்றியோடு குறிப்பிட வேண்டும். ஜாம்ஷெட்பூரில் 1989இல் நிகழ்ந்த தீ விபத்து பற்றிய வழக்கில், இல்லத்தரசியின் பணியை மாதம் 3,000 ரூபாய் என 2001இல் உச்சநீதிமன்றம் மதிப்பிட்டது. அது சாலை விபத்தன்று எனினும் சாலை விபத்து வழக்குகள் பலவற்றுக்கும் அளவுகோலாயிற்று. 2009இல் நம் சென்னை உயர்நீதிமன்றத்தில் நீதிபதி பிரபா ஸ்ரீதேவன் அவர்கள், கூலியின்றிப் பெண் செய்யும் வீட்டு வேலையை அறிவியல் முறையில் மதிப்பிட வேண்டிய காலம் வந்துவிட்டது என்று விரிவாக எழுதினார்கள். அத்தீர்ப்பை அடுத்த ஆண்டே உச்சநீதிமன்றம் எடுத்தாண்டது. அந்த 2010ஆம் ஆண்டு வழக்கில் நீதிபதி கங்குலி அவர்கள் சுட்டிக்காட்டிய செய்தி நம்மைத் தலைகுனிய வைப்பது: 2001 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில், வீட்டு வேலை மட்டுமே செய்யும் பெண்கள் பிச்சைக்காரர்களோடும் கைதிகளோடும் சேர்த்துப் பொருளீட்டாதோர் என்று வகைப்படுத்தப்பட்டிருந்தனர். நம் தாய்மார்தாம் அவர்கள்! பொருளாதாரப் பாடம் பயிலும் நண்பர்கள் இதைத் தம் வகுப்பிலே விவாதிக்க வேண்டும்.

2021 ஜனவரியில் வந்த தீர்ப்பு இன்னும் தெளிவானது. டெல்லியில் மோட்டார் சைக்கிளில் சென்ற கணவனும் மனைவியும் 2014இல் கார் மோதி மாண்டனர். சிறு பெண் குழந்தைகள் எஞ்சினர். அவ்வழக்கில் நீதிபதி ரமணா அவர்கள், 2019ஆம் ஆண்டின் நேரப் பயன்பாட்டு ஆய்வை எடுத்துக்காட்டினார். சொந்த வீட்டு வேலைக்குக் கூலியின்றிப் பெண்கள் நாளொன்றுக்குச் செலவிடுவது சராசரி 299 நிமிடம். ஆண்கள் 97 நிமிடம். இல்லத்தரசிக்குக் கற்பித்த வருமானத்தின் மேலும் வருங்கால உயர்வு சேர்க்கப்பட வேண்டும் என்றும் அத்தீர்ப்பு கூறிற்று. 2024 பிப்ரவரியில், இல்லத்தரசியின் வருமானத்தை நாட்கூலியாளின் குறைந்தபட்சக் கூலிக்கும் கீழே மதிப்பிடுவது எவ்வாறு பொருந்தும் என்று உச்சநீதிமன்றம் வினவி, 2006இல் இறந்த ஒரு பெண்ணின் குடும்பத்துக்குரிய தொகையை இரண்டரை இலட்சத்திலிருந்து ஆறு இலட்சமாக்கியது. பதினெட்டு ஆண்டு கழித்து!

குழந்தைகள் கதை இதைவிடத் துயரமானது. மேற்சொன்ன அட்டவணையின் 15,000 ரூபாயை நாளுக்கு வகுத்தால் 41 ரூபாய். 1994இல் எழுதிய அந்த எண்ணைப் பல ஆண்டுகள் அரசு திருத்தாமலே விட்டது. அதனிடையே தங்கம் விலை என்ன ஆயிற்று, பள்ளிக் கட்டணம் என்ன ஆயிற்று என்பது யாவரும் அறிந்தது. நீதிமன்றங்களே பொறுமையிழந்து 2013இல் ஒரு பத்து வயதுச் சிறுவனுக்கு ஆண்டுக்கு 30,000 என்றும், 2021இல் ஓர் ஏழு வயதுக் குழந்தைக்கு 25,000 என்றும் உயர்த்தின. 25,000ஐப் பதினைந்தால் பெருக்கினால் 3,75,000. குழந்தை சம்பாதிக்கவில்லை என்பது உண்மையே. ஆனால் திருவாரூர்க் கன்றும் அன்று பால் கறக்கவில்லை. தாய் இழந்தது இன்றைய வருமானத்தையா?

நம்மைப் போன்ற மாணவர் எந்த இடத்தில் நிற்கிறோம்? விபத்தில் இறந்த ஒரு மருத்துவ மாணவர் பிற்காலத்தில் மாதம் 25,000 ஈட்டியிருப்பார் என்று 2014இல் உச்சநீதிமன்றம் வைத்தது. இருபது வயது, மணமாகாதவர் என்று இன்றைய நெறிப்படி கணக்கிட்டால், நாற்பது விழுக்காடு சேர்த்து, பாதி கழித்து, பதினெட்டால் பெருக்கினால் 37,80,000 ரூபாய். அதே வயதில் அரசு கலைக் கல்லூரியில் வரலாறு படிக்கும் ஒருவனுக்கு என்ன வருமானம் கற்பிப்பார்கள்? நம் பாடத்துக்கு எதிரே எழுத எந்த எண்ணும் இல்லை. கொத்தனாருக்கு வைத்த 12,000ஐயே வைத்தால் 18,14,400. பாதிக்கும் குறைவு. படிப்பைப் பார்த்து வருங்காலத்தை அளப்பது முற்றிலும் தவறு என்று சொல்ல மாட்டேன். ஆனால் நம் கல்லூரிகளிலே படித்து ஆட்சித் தலைவரானோரும் உண்டு, பேராசிரியரானோரும் உண்டு. இருபது வயதிலே ஒருவனுடைய விதியை அவன் சேர்ந்த பாடப்பிரிவைக் கொண்டு முடிவு கட்டும் அறிவு எந்த நீதிபதிக்கும் இருக்க முடியாது.

அப்படியானால் எல்லா உயிருக்கும் ஒரே தொகை என்று வைத்துவிடலாமே என்று சில நண்பர்கள் வாதிடுவர். கேட்பதற்கு இனிமையான வாதம். எனினும் எனக்கு உடன்பாடில்லை. மாதம் 48,000 வந்த வீட்டில் அதை நம்பிக் கடன் இருக்கும், பிள்ளைகளின் படிப்பு இருக்கும். இழந்ததை ஈடு செய்வதே நட்டஈடு என்றால் அவ்வீடு இழந்ததும் உண்மையான இழப்புத்தான். வருமானக் கணக்கு இருக்கட்டும். என் முறையீடு வேறு.

மேலே போட்ட கணக்கைத் திரும்பப் பாருங்கள். அதில் எல்லா மாந்தருக்கும் ஒரே அளவாக இருக்கும் பகுதி ஒன்று உண்டு. கணவனை, தாயை, பிள்ளையை இழந்த துயருக்காகத் தரப்படும் பகுதி. அமைச்சர் வீட்டுக்கும் 40,000, சித்தாள் வீட்டுக்கும் 40,000. சட்டம் நம்மையெல்லாம் சரிநிகராகக் காணும் ஒரே இடம் அதுதான். அந்த ஒரே இடத்தில்தான் அது கஞ்சத்தனமும் காட்டுகிறது. கொத்தனார் குடும்பத்தின் 26 இலட்சத்தில் இந்தச் சமப் பகுதி, ஈமச் செலவையும் சேர்த்து, இரண்டு இலட்சம்கூட இல்லை. இங்கிலாந்தில் 1982 முதல் இறப்புத் துயருக்கென்று சட்டமே ஒரு தொகையை நிர்ணயிக்கிறது. 2020இல் அது 15,120 பவுன் ஆயிற்று. அங்கும் அது போதாது என்று குறைகூறுவோர் உண்டு.

இங்கே நான் முன்வைக்கும் யோசனை எளியது. 2019ஆம் ஆண்டுத் திருத்தத்தின்படி, 2022 ஏப்ரல் முதல் நடப்பிலுள்ள ஒரு பிரிவு, யார் குற்றம் என்று பாராமலே, இறப்புக்கு ஐந்து இலட்சம் பெற வழி செய்கிறது. ஆனால் அதைப் பெற்றால் கணக்கிட்டுக் கேட்கும் உரிமை போய்விடும், இரண்டில் ஒன்றுதான். அவ்வாறின்றி, அந்த ஐந்து இலட்சத்தை ஒவ்வோர் உயிருக்கும் உரிய அடித்தளமாக வைத்து, வருமான இழப்புக் கணக்கை அதன் மேலே கட்ட வேண்டும். குழந்தையாயினும், கிழவியாயினும், வேலையற்றவனாயினும் அந்த அடித்தளம் குறையலாகாது. சான்று இல்லாதவர்க்கும் இல்லத்தரசிக்கும் மாணவர்க்கும் கற்பிக்கத்தக்க மாத வருமானத்தை அரசே ஆண்டுதோறும் அறிவிக்க வேண்டும். அதற்குக் கீழே எந்தத் தீர்ப்பாயமும் இறங்கக் கூடாது. 40, 50 என்ற வேற்றுமையையும் எடுத்துவிடலாம்.

பிரீமியம் உயர்ந்துவிடும் என்று காப்பீட்டுக் கம்பெனிகள் சொல்லும். உயரட்டுமே. 2022இல் நிர்ணயிக்கப்பட்டபடி, நம்மில் பலர் ஓட்டும் 75 முதல் 150 சி.சி. வரையான இருசக்கர வண்டிக்கு ஓர் ஆண்டு மூன்றாம் நபர் பிரீமியம் 714 ரூபாய். நாளுக்கு இரண்டு ரூபாய். தேநீர்க் கடையில் ஒரு முறுக்குக்கும் காணாது. இதையும் கட்டாமல் வண்டி ஓட்டுவோர் நம் கல்லூரி வண்டி நிறுத்தத்திலேயே இருப்பர் என்பது என் ஐயம். கட்டாத வண்டி மோதி ஒருவர் இறந்தால், ஓட்டுபவனும் வண்டிச் சொந்தக்காரனுமே கொடுக்க வேண்டும். அவர்களிடம் இல்லையெனில் அந்தத் தீர்ப்பு வெறும் காகிதந்தான்.

தீர்ப்புக் கிடைத்த பின்னும் பணம் கைக்கு வருவது தனிக்கதை. அரசுப் போக்குவரத்துக் கழகங்களுக்குக் காப்பீடு செய்வதிலிருந்து விலக்குப் பெறச் சட்டத்தில் இடமுண்டு; அதற்கென நிதி ஒதுக்கி வைக்க வேண்டும் என்பது நிபந்தனை. ஆயினும் நட்டஈடு கொடாத காரணத்தால் நீதிமன்ற ஊழியர் பேருந்து நிலையத்துக்கே வந்து, பயணிகளை இறக்கிவிட்டு, பேருந்தை ஜப்தி செய்தார் என்னும் செய்தி நம் நாளிதழ்களுக்குப் புதிதன்று. படிக்கும்போது நமக்குச் சிரிப்பு வருகிறது. அந்தப் பேருந்தை ஜப்தி செய்ய வைத்த விதவை, கணவன் இறந்து எத்தனை ஆண்டுகளாக நீதிமன்றப் படி ஏறியிருப்பாள் என்று அச்செய்தியில் ஒரு வரி இருக்கும். அதைத்தான் படிக்க வேண்டும். பணம் வந்தாலும் உறவினர் பிடுங்கிக்கொள்வர் என்பதை அறிந்த உச்சநீதிமன்றம், குழந்தைகளின் பங்கையும் எழுதப் படிக்கத் தெரியாதோர் பங்கையும் வங்கியில் நிலை வைப்பாக இட வேண்டும் என்று 1993ஆம் ஆண்டுத் தீர்ப்பிலேயே அறிவுறுத்தியிருக்கிறது.

படித்தவர் உடனிருந்தால் மாறக்கூடிய சில காரியங்கள் உண்டு. மனுவை விபத்து நடந்த ஊரில்தான் போட வேண்டும் என்பதில்லை. குடும்பம் வாழும் ஊரின் எல்லைக்குட்பட்ட தீர்ப்பாயத்திலேயே போடலாம். விபத்து நிகழ்ந்த ஆறு மாதத்துக்குள் போட வேண்டும் என்ற வரம்பு 2022 ஏப்ரல் முதல் மீண்டும் வந்துள்ளது. அதை எதிர்த்து உச்சநீதிமன்றத்தில் வழக்குகள் தொடரப்பட்டன. என்றாலும் அதை நம்பிக் காலம் தாழ்த்துவது அறிவன்று. விபத்துப் பற்றிய முதல் அறிக்கையைக் காவல்துறை 48 மணி நேரத்துக்குள் தீர்ப்பாயத்துக்கும் காப்பீட்டுக் கம்பெனிக்கும் அனுப்ப வேண்டும் என்பது இப்போதைய விதி. அனுப்பப்பட்டதா என்று கேட்கத் தெரிந்தவர் ஒருவர் வேண்டும். கூலிக்குச் சான்று இல்லை என்று கைவிரிக்கும் முன், கட்டுமானத் தொழிலாளர் நலவாரிய அட்டை, ஓட்டுநர் உரிமம், வங்கிப் புத்தகம், மகளிர் குழுவில் வாங்கித் திருப்பிக் கட்டிய கடனின் பதிவு, மேஸ்திரியின் கூலி நோட்டு இவற்றையெல்லாம் தேடி எடுக்க வேண்டும். மேஸ்திரியையே சாட்சிக் கூண்டில் ஏற்றலாம். இறந்தவர் கையில் என்ன வாங்கினார் என்று அவர் சொல்லும் ஒரு வார்த்தை, மாதம் ஆயிரம் ரூபாய் கூட்டினாலும், நம் கொத்தனார் வீட்டுக்கு அது 2,01,600 ரூபாய்.